நகரத்தை வடக்கே வையுங்கள்: அமீரகப் பாலைவனத்தில் இருட்டு தேடுவோருக்கு

பாலைவனத்தில் எங்கே வண்டியை நிறுத்தினாலும் நட்சத்திரம் கொட்டிக் கிடக்கும் என்று துபாயில் இருக்கும் நம்மவர்கள் பலர் நினைக்கிறார்கள். அதை நம்பி அல் குத்ரா ஏரிப் பக்கம் போகிறார்கள். கார்த்திகையும் திருவாதிரையும் தெரிகின்றன, பிள்ளைகள் குதிக்கிறார்கள், கோழி வாட்டிச் சாப்பிட்டுவிட்டுத் திரும்புகிறார்கள். குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் பால்வெளியைப் பார்த்தே தீருவது என்று கிளம்பியவருக்கு அந்த இடம் போதாது. நகரம் இருக்கும் பக்கம் முழுக்க வெளிச்சம் ஏறி நிற்கும். நிலா இல்லாத இரவிலும் எதிரே உட்கார்ந்திருப்பவரின் முகத்தைப் பார்த்துப் பேசலாம். அந்த அளவுக்கு வெளிச்சம் இருக்கும் இடத்தில் பால்வெளிக்கு வேலை இல்லை.

ஷார்ஜாவில் குடியிருந்துகொண்டு பல குளிர்காலங்களாக இருட்டைத் தேடி அலைகிறவன் நான். பெரிய தொலைநோக்கி எதுவும் என்னிடம் இல்லை. ஒரு 10×50 பைனாகுலர், ஒரு கோரைப்பாய், ஒரு பழைய கேமரா, அவ்வளவுதான். இத்தனை அலைச்சலில் நான் உறுதியாகத் தெரிந்துகொண்டது ஒன்றுண்டு: ஓர் இடம் இருட்டா இல்லையா என்று மொத்தமாகக் கேட்பதில் பயனில்லை, எந்தப் பக்கம் இருட்டு என்று கேட்க வேண்டும்.

நகரத்திலிருந்து எண்பது, நூறு கிலோமீட்டர் தள்ளி வந்துவிட்டால் தலைக்கு மேலே வானம் நன்றாகவே இருக்கும். நகரம் இருக்கும் திசையில் மட்டும் தொடுவானத்தை ஒட்டி மஞ்சள் மூட்டம் நிற்கும். பார்க்க வந்த பொருள் அந்த மூட்டத்துக்குள் போய் உட்கார்ந்துகொண்டால் பெட்ரோல் செலவு வீண். பால்வெளியின் நடுப்பகுதி, அதாவது தனுசு, விருச்சிகம் பக்கத்தில் அடர்ந்து ஒளிரும் பகுதி, அமீரகத்திலிருந்து பார்த்தால் தெற்கு வானத்தை விட்டு நகராது. அதன் உச்ச நிலையிலேயே தொடுவானத்திலிருந்து 37 பாகை உயரம்தான். ஆகவே நகரம் நமக்கு வடக்கே, முதுகுப் பக்கம் இருக்க வேண்டும். இந்த நாட்டின் அமைப்பும் அதற்குத் தோதாக இருக்கிறது. பெரிய நகரங்கள் வடக்கே கடற்கரையை ஒட்டி வரிசையாக நிற்கின்றன. தெற்கே ருப் அல் காலி என்னும் வெறும் பாலை, சவூதி, ஓமன், ஏமன் வரை சுமார் ஆறரை லட்சம் சதுர கிலோமீட்டர் விரிந்து கிடக்கிறது.

தெற்கு என்று பொதுவாகச் சொன்னாலும் மாதத்துக்கு ஏற்ப அது இடம் மாறும். மார்ச் தொடக்கத்தில் பால்வெளியின் நடுப்பகுதி இரவு இரண்டு மணிக்கு மேல்தான் தென்கிழக்கில் எழும். நான்கு மணியிலிருந்து கிழக்கு வெளுக்கும் வரை நல்ல நேரம். அக்டோபரிலோ இருட்டியதுமே அது தென்மேற்கில் இருக்கும், ஒன்பதரை மணி வாக்கில் மறைந்துவிடும். ஜூன், ஜூலையில் நள்ளிரவை ஒட்டி நேர் தெற்கே நிமிர்ந்து நிற்கும். அந்த மாதங்களில் நடுராத்திரி மணலில் கால் வைத்தவருக்குத்தான் அதன் அருமை தெரியும், நான் இப்போதெல்லாம் போவதில்லை. எனவே மார்ச்சுக்கு நல்ல இடம் அக்டோபருக்கும் நல்ல இடமாக இருந்துதான் ஆக வேண்டும் என்பதில்லை. தென்மேற்கில் ஒரு தொழிற்சாலை இருந்தால் அக்டோபர் பயணம் கெட்டுப்போகும், மார்ச் பயணத்துக்கு அதனால் ஒரு பாதகமும் இல்லை.

இடம் தேட எல்லோரும் முதலில் திறப்பது இணையத்தில் உள்ள ஒளிமாசு வரைபடத்தை. அதில் ஒரு குழப்பம் இருக்கிறது. பெரும்பாலும் இரண்டு படலங்கள் தருவார்கள். ஒன்று, செயற்கைக்கோள் மேலிருந்து அளந்த தரை வெளிச்சம். அதில் ஓர் இடம் கறுப்பாக இருந்தால் அங்கே விளக்கு இல்லை என்றுதான் பொருள், அங்கிருந்து பார்க்கும் வானம் இருட்டு என்று பொருளல்ல. பக்கத்து ஊர் வெளிச்சம் தலைக்கு மேல் வந்து நிற்பதை அந்தப் படலம் காட்டாது. இன்னொன்று, ஃபாபியோ ஃபால்ச்சி குழுவினர் 2016இல் வெளியிட்ட உலக வரைபடம். அது வானத்தின் வெளிச்சத்தையே கணக்கிட்டுச் சொல்கிறது. நமக்கு வேண்டியது இதுதான். ஆனால் அதற்குப் பிறகு இங்கே எத்தனை சாலைகளுக்கு விளக்கு வந்துவிட்டது என்பதை நினைவில் வையுங்கள். இன்னொரு சங்கடமும் உண்டு. அந்தச் செயற்கைக்கோளின் கருவி நீல ஒளியைப் பார்க்காது. பழைய மஞ்சள் சோடியம் விளக்கை எடுத்துவிட்டு வெள்ளை எல்இடி போட்டால், வரைபடத்தில் அந்த ஊர் மங்கியதுபோல் தோன்றலாம். நேரில் போனால் வானம் முன்னைவிட வெளுத்திருக்கும்.

அதனால் வரைபடத்தில் ஊரைத் தேர்ந்தெடுத்த பிறகு, சாதாரண செயற்கைக்கோள் படத்தில் அந்த வட்டாரத்தைப் பெரிதாக்கிப் பார்க்கிறேன். ஒட்டகப் பட்டி, பண்ணை, புதிதாகப் போட்ட தார்ச்சாலை, தடுப்பு வேலி எல்லாம் அதில் தெரியும். பிறகு ஒரு பகல் வேளையில் போய் வண்டி நிறுத்தும் இடத்தைப் பார்த்துக் குறித்துக்கொள்கிறேன். இருட்டில் முதல்முறையாக ஓர் இடத்துக்குப் போவது எனக்கு ஒத்துவராது.

தூரத்தைப் பற்றி ஒரு கணக்கு மனத்தில் இருந்தால் போதும். நகர வெளிச்சம் தூரத்தின் இரண்டரை அடுக்குக்கு ஏற்பக் குறைகிறது என்று வாக்கர் என்ற வானியலாளர் 1970களில் காட்டினார். தூரம் இரட்டிப்பானால் வெளிச்சம் ஏறக்குறைய ஆறில் ஒரு பங்காகிவிடும். நாற்பது கிலோமீட்டரில் நின்று பல்லைக் கடிப்பதைவிட இன்னொரு நாற்பது ஓட்டிவிடுவது லாபம்.

என் முதல் தேர்வு அல் ஐனுக்குத் தெற்கே உள்ள அல் குவா வட்டாரம். துபாயிலிருந்து இரண்டு மணி நேரத்துக்குக் குறையாத ஓட்டம். நகரங்கள் வடக்கே, மணல் தெற்கே என்று நான் சொன்ன பொருத்தம் அங்கே அப்படியே அமைகிறது. பால்வெளியைப் படமெடுப்பவர்கள் அதை ஒரு யாத்திரைத் தலமாகவே ஆக்கிவிட்டார்கள், அமாவாசையை ஒட்டிய வார இறுதிகளில் கூட்டம் சேர்கிறது. கூட்டம் என்றால் ஹெட்லைட். வார நாளில் போக முடிந்தவர்கள் போங்கள். அபுதாபிக்குத் தென்மேற்கே உள்ள லிவா இன்னும் தொலைவு. அங்கே மோரீப் மணல்மேட்டுக்குப் போகும் சாலையில் மணல் செம்மண் நிறத்தில் மலைபோல் எழுந்து நிற்கும், அதற்காகவே ஒருமுறை போகலாம். வானமும் பிரமாதம். ஆனால் அந்தப் பக்கம் எண்ணெய், எரிவாயு வயல்கள் இருப்பதால் தொடுவானத்தில் ஆரஞ்சு நிறத்தில் சில மூட்டங்கள் தெரியும். எந்த மேட்டுக்குப் பின்னால் அவை மறையும் என்று பார்த்து உட்கார வேண்டும். ராஸ் அல் கைமாவின் ஜெபல் ஜைஸ் மலையில் தூசி கீழே தங்கிவிடுவதால் காற்று தெளிவாக இருக்கும். ஆனால் மேற்கே கடற்கரை வெளிச்சம், காட்சிமேடைகளில் விளக்கு, விடுமுறை நாளில் பாட்டு. ஷார்ஜாவைச் சேர்ந்த மலீஹா என் வீட்டுக்குப் பக்கம். பிள்ளைகளுக்கு நட்சத்திரக் கூட்டங்களை அடையாளம் காட்ட அது போதும்.

ஒரு ஜனவரி இரவு அல் குவா பக்கம் நாங்கள் முன்பே பார்த்து வைத்திருந்த இடத்துக்குப் போனபோது, அரைக் கிலோமீட்டரில் ஓர் ஒட்டகப் பட்டியில் பெரிய வெள்ளை விளக்கு எரிந்துகொண்டிருந்தது. கம்பத்தில் கட்டி, கிடைமட்டமாக எங்களைப் பார்த்து வைத்திருந்தார்கள். கண்ணைச் சுருக்காமல் தெற்கே பார்க்க முடியவில்லை. நடந்து போய்ப் பேசிப் பார்த்தோம். பட்டியைப் பார்த்துக்கொள்ளும் பாகிஸ்தானியப் பெரியவர் ஒரு போர்வையைச் சுற்றிக்கொண்டு வெளியே வந்தார். கொஞ்ச நேரம் விளக்கை அணைக்க முடியுமா என்று தெரிந்த இந்தியில் கேட்டேன்.

"முடியாது பாய். இன்றைக்கு ஒன்று கன்று போடும்போல இருக்கிறது" என்றார்.

உள்ளே ஒரு ஒட்டகம் எழுவதும் படுப்பதுமாக நிலைகொள்ளாமல் இருந்தது. குளிர்காலம் அவற்றுக்குக் கன்று ஈனும் காலம். அவர் எங்களை உட்காரச் சொல்லி, ஒட்டகப் பாலில் டீ போட்டுக் கொடுத்தார். மேலே நுரை, லேசான உப்புக் கரிப்பு, இனிப்பு தாராளம். குடித்து முடித்ததும் கூட வந்த நண்பர், "அண்ணே, விளக்கு நகராது, நாம நகர்ந்திடலாம்" என்றார். முந்நூறு அடி தள்ளி ஒரு மணல்மேட்டின் மறுபக்கம் பாயை விரித்தோம். விளக்கு மறைந்தது. மேட்டின் விளிம்பில் மட்டும் மெலிதாக ஒரு வெள்ளைக் கோடு. தலைக்கு மேலும் தெற்கிலும் வானத்துக்கு ஒரு குறையும் இல்லை.

பக்கத்து விளக்கும் தொலைவிலுள்ள நகரமும் வேறு வேறு தொல்லைகள். பக்கத்து விளக்கு கண்ணைக் கூசவைக்கும், ஆனால் ஆள் உயர மணலே அதை மறைத்துவிடும். நகர வெளிச்சம் கண்ணைக் கூசாது, ஆனால் காற்றிலேயே பரவி நிற்பதால் அதற்கு மறைப்பு கிடையாது. பலர் பண்ணை விளக்கைக் கண்டதும் இடத்தையே கைவிட்டு, விளக்கில்லாத வேறோர் இடத்தில் நகர வெளிச்சத்துக்குள் போய் உட்காருகிறார்கள்.

இருட்டுக்கு அடுத்தபடி தூசி. ஷமால் என்னும் வடமேற்குக் காற்று அடித்து ஓய்ந்த பிறகும் நுண்தூசி ஓரிரு நாள் தொங்கிக்கொண்டிருக்கும். நகரத்துக்குப் பக்கத்தில் என்றால் அந்தத் தூசி வெளிச்சத்தை வாங்கிப் பரப்பி வானத்தை வெளுக்கவைக்கும். உள்ளே தள்ளிப் போனால் வானம் கறுப்பாகத்தான் இருக்கும், ஆனால் தொடுவானத்தை ஒட்டிய நட்சத்திரங்கள் காணாமல் போகும். தெற்கில் தாழ்வாக இருப்பவற்றைத்தானே பார்க்க வந்தோம்! ஐரோப்பாவின் கோபர்நிக்கஸ் சேவை தூசி முன்னறிவிப்பு தருகிறது, அதைப் பார்க்கலாம். என் கைவைத்தியம் வேறு. பகலில் கட்டை விரலை நீட்டிச் சூரியனை மறைத்துக்கொண்டு, விரலைச் சுற்றியுள்ள வானத்தை மட்டும் பார்ப்பேன். விரலின் ஓரம் வரை நீலம் வந்தால் காற்று சுத்தம். பால் கலந்ததுபோல் வெளுத்திருந்தால் பயணத்தைத் தள்ளிப்போட்டுவிடுவேன். மழை பெய்து ஓய்ந்த மறுநாள் கிடைக்கும் வானம் அபூர்வம், அன்று அலுவலகத்தில் விடுப்புக் கேட்டாலும் தப்பில்லை.

ஊரிலிருந்து வருகிறவர்கள் நம்ப மறுப்பது பனியைத்தான். பாலைவனத்தில் என்ன ஈரம் என்பார்கள். மாலையில் வளைகுடாவிலிருந்து ஈரக்காற்று உள்நாட்டுக்குள் வரும். இரவு காற்று அடங்கி, மேகமில்லாத வானத்தின் கீழ் மணல் வேகமாகக் குளிரும்போது அந்த ஈரம் அப்படியே இறங்கும். நள்ளிரவு தாண்டினால் முக்காலியின் காலைத் தொட்டால் கை நனையும். நனைந்த காலில் மணல் ஒட்டி, மடக்கும்போது உள்ளே போய்க் கரகரக்கும். லென்ஸ் மங்கும். பைனாகுலரைப் போர்வைக்குள் வைத்துக்கொள்ள வேண்டியிருக்கும். வானிலை அறிக்கையில் பனிநிலை வெப்பமும் (காற்றின் ஈரம் பனியாக இறங்கத் தொடங்கும் வெப்பநிலை) இரவின் குறைந்தபட்ச வெப்பமும் ஏறத்தாழ ஒன்றாக இருந்தால் பனி கட்டாயம், மூடுபனியும் வரலாம். குளிர்ந்த காற்று கனமானது, மணல்மேடுகளுக்கு நடுவே உள்ள பள்ளத்தில் வந்து தேங்கும். ஆகவே பாயைப் பள்ளத்தின் அடியில் விரிக்காமல் சரிவின் நடுவில் விரிப்பது என் வழக்கம். உச்சிக்கும் போவதில்லை, அங்கே காற்று மணலை வாரிக் கேமராவுக்குள் போடும். முக்காலியின் காலுக்கு அடியில் வைக்க உடைந்த டைல்ஸ் துண்டு மூன்று வண்டியிலேயே கிடக்கின்றன. இல்லாவிட்டால் மணலில் மெல்ல இறங்கி, படத்தில் நட்சத்திரம் இழுபட்டுப் போகும்.

நாளைக் குறிப்பது எளிது. வீட்டில் தொங்கும் தினசரிக் காலண்டரில் அமாவாசை போட்டிருக்கும். அதற்கு முந்திய வார இறுதியும் பிந்திய வார இறுதியும் பெரும்பாலும் பயன்படும். நிலா நாளுக்கு நாள் சராசரியாக 50 நிமிடம் தாமதமாக எழுகிறது. ஆகவே அமாவாசை கழிந்த மூன்றாம் பிறை, நான்காம் பிறை நாட்களில் நிலா முன்னிரவிலேயே மறைந்துவிடும், விடியற்காலைப் பால்வெளிக்கு இடைஞ்சல் இல்லை. அக்டோபர் மாலைக்கு நேர்மாறு, தேய்பிறை நாட்களே நல்லது. 2022இலிருந்து இங்கே வார விடுமுறை சனி, ஞாயிறு ஆகிவிட்டதால் வெள்ளி மாலையே கிளம்பி, சனிக்கிழமை தூங்கித் தீர்க்கலாம்.

கண் இருட்டுக்குப் பழக இருபதிலிருந்து முப்பது நிமிடம் ஆகும். அதைக் கெடுக்க ஒரு நொடி போதும், கெடுப்பது எப்போதும் நம் வண்டிதான். கதவைத் திறந்தால் உள்விளக்கு, சாவியை அழுத்தினால் நான்கு பக்கமும் மின்னல், பின்னோக்கி எடுத்தால் வெள்ளை விளக்கு. வந்தவுடன் உள்விளக்கை அணைத்துவிடுங்கள், அணையாத விளக்கின் மேல் கறுப்பு டேப் ஒட்டுங்கள், வண்டியைத் திரும்பிப் போகும் திசையைப் பார்த்து நிறுத்துங்கள். டார்ச்சுக்குச் சிவப்பு செலோபன் தாள் இரண்டு மடிப்பு சுற்றினால் போதும். செல்பேசியை என்ன செய்வது என்பது குடும்பத்தினருடன் நீங்கள் பேசித் தீர்க்க வேண்டிய விஷயம்.

வந்த இடம் எப்படி என்று கருவி இல்லாமலே மதிப்பிடலாம். போர்ட்டில் என்பவர் 2001இல் வகுத்த ஒன்பது படி அளவுகோலில் ஒன்று மிக இருட்டு, ஒன்பது நகர நடுப்பகுதி. படி எண்ணைக் கண்டுபிடிக்க நான் மெனக்கெடுவதில்லை. ஒரு மேகத் துணுக்கு வந்தால் அதைப் பார்ப்பேன். வானத்தைவிட வெளிச்சமாகத் தெரிந்தால் கீழே ஊர் இருக்கிறது. நட்சத்திரங்களை மறைக்கும் கறுப்பு ஓட்டையாகத் தெரிந்தால் நல்ல இடத்துக்கு வந்துவிட்டோம். குளிர்காலத்தில் இன்னொரு சோதனை, அகத்திய நட்சத்திரம். அரபு நாடுகளில் அதை சுஹைல் என்கிறார்கள். ஆகஸ்ட் கடைசி வாரத்தில் விடியற்காலையில் அது தென்பட்டால் கோடையின் கடுமை தணியத் தொடங்கும் என்பது இங்குள்ளவர்களின் நெடுநாள் கணக்கு. அல் குவா பக்கத்திலிருந்து அதன் உச்ச உயரமே 14 பாகைக்கு உட்பட்டது, கையை நீட்டி முட்டியை மடக்கி அளந்தால் ஒன்றரை முட்டி. பிப்ரவரி நடுவில் இரவு ஒன்பது மணி வாக்கில் அது நேர் தெற்கே வரும்போது வெள்ளையாக, அதிகம் துடிக்காமல் நின்றால் தெற்கு சுத்தம். செம்மண் நிறத்தில் மங்கி நின்றால் தூசி. ஏப்ரலில் பதினொரு மணி வாக்கில் திரிசங்கு என்று நம் முன்னோர் சொன்ன சிலுவைக் கூட்டம் தொடுவானத்தின் மேல் எழும்பி நிற்கும். அதன் அடி நட்சத்திரம் மூன்று பாகை உயரத்தில்தான் இருக்கும். அதை ஒருவர் இங்கே பார்த்துவிட்டால் அந்த இடத்தின் முகவரியை யாருக்கும் எளிதில் சொல்ல மாட்டார்.

பயணத்துக்கு இரண்டு வண்டி இருப்பது நல்லது. மணலில் இறங்குவதானால் நான்கு சக்கர இயக்கம் வேண்டும், டயர் காற்றை 15 பிஎஸ்ஐ அளவுக்கு இறக்க வேண்டும், திரும்ப ஏற்றக் கையடக்கக் காற்றுப் பம்பும் வேண்டும். சாதாரணக் காரில் வருகிறவர்கள் கெட்டியான சரளைத் தரையோடு நின்றுவிடுங்கள். சப்கா என்னும் உப்புத்தரை மேலே காய்ந்து கெட்டியாகத் தெரியும், உள்ளே சேறு. வண்டி இறங்கினால் இரவில் எடுக்க முடியாது. வரைபடத்தை செல்பேசியில் முன்கூட்டியே இறக்கி வைத்துக்கொள்ளுங்கள், உள்ளே சிக்னல் வரும் என்று நம்ப வேண்டாம். எல்லைப் பக்கமும் எண்ணெய் நிறுவனங்களின் வேலிப் பக்கமும் போகாதீர்கள், ஒதுக்குக்காடுகளில் தங்க அனுமதி தேவையா என்று கேட்டுவிட்டுப் போங்கள். மணலில் புதைந்து கிடக்கும் விரியன் உண்டு, தேளும் உண்டு. கழற்றிய ஷூவைத் தட்டிவிட்டு மாட்டுவது பழக்கமாக வேண்டும். பிளாஸ்டிக் பையை விட்டுவிட்டு வந்தால் ஒட்டகம் தின்று சாகும். அன்று எங்களுக்கு டீ கொடுத்த பட்டிக்காரப் பெரியவரின் சோற்றில் மண் போடுவதற்குச் சமம் அது.

இந்த ஆண்டு புதிதாகத் தொடங்க நினைப்பவர்களுக்கு டிசம்பர் 13, 14 இரவுகளின் ஜெமினிட் எரிகல் பொழிவு நல்ல சாக்கு. புனர்பூசத்துக்குப் பக்கத்திலிருந்து கிளம்புவதுபோல் தெரியும் அந்த எரிகற்களுக்குத் தெற்கு, வடக்கு என்ற கவலை குறைவு, வானத்தின் எந்தப் பக்கத்திலும் விழும். நிலா எப்போது மறைகிறது என்று மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள். இரவில் வெப்பம் பத்து டிகிரி செல்சியஸுக்குக் கீழே போகலாம், துபாய் மாலுக்குப் போகும் சட்டையோடு வராதீர்கள்.

திரும்பும் வழியில் அவசரம் வேண்டாம். விழித்திருந்த கண்ணும் மூடுபனியும் சேர்ந்தால் ஆபத்து, போதாததற்குச் சாலையோரம் ஒட்டகம் வேறு. அபுதாபிப் பக்கத்து நெடுஞ்சாலைகளில் மூடுபனி இறங்கினால் மின்பலகையில் வேக வரம்பு 80 ஆகக் குறைந்துவிடும், கேமராவும் அதையே பார்க்கும். இருக்கையைச் சாய்த்து ஒரு தூக்கம் போடுங்கள். எட்டு, எட்டரைக்குள் வெயில் ஏறிப் பனி விலகிவிடும். வழியில் முதல் பெட்ரோல் நிலையத்தில் பரோட்டாவும் கரக் டீயும் கிடைக்கும். டயருக்குக் காற்று பிடிக்கவும் அதுதான் இடம்.